பிள்ளை செய்த வெண்கட்டி கோணலாகத்தான் இருக்கும்

 

கொஞ்சம் நீளமான பதிவு. ஆறுதலாக வாசியுங்கள். வீட்டில் ஆரம்பப் பிரிவுப் பிள்ளைகள் இருக்கும் பெற்றாரும், எங்களைப் போல ஆரம்பப் பிரிவு எடுக்கும் ஆசிரியர்களும் கடைசி வரைக்கும் வாசித்தால் சந்தோஷம்.

"நாங்கள்" என்று எழுதுவது இரண்டு பேரை. வட்டுக்கோட்டையில் ஒரு சின்னப் பள்ளிக்கூடத்தில் தரம் இரண்டும் மூன்றும் எடுக்கும் இரண்டு ரீச்சர்மார். ஒருவர் ஐந்து சந்திப் பக்கமிருந்து பஸ்ஸில் வருபவர், மற்றவர் இந்த ஊர்க்காரர். கலாசாலையில் ஒரே அணியில் படித்தவர்கள். இதைத் தட்டச்சு செய்தது ஒருவர், வாசித்துத் திருத்தியது மற்றவர். அதனால் பிழை இருந்தால் இரண்டு பேருக்கும் பங்கு உண்டு.

முதலில் எங்கள் பிழை ஒன்றைச் சொல்லிவிடுகிறோம்.

போன வருடம் சுற்றாடல் சார்ந்த செயற்பாடுகள் பாடத்துக்காக தரம் மூன்றுப் பிள்ளைகளுக்கு ஓர் ஒப்படை கொடுத்தோம். வீட்டில் நிற வெண்கட்டி செய்துகொண்டு வர வேண்டும். செய்முறையைப் பெற்றாரின் வட்ஸ்அப் குழுவில் போட்டோம். திங்கட்கிழமை காலை இருபத்திமூன்று பிள்ளைகள் கொண்டு வந்தார்கள். எல்லாம் ஒரே அளவு, ஒரே நேர். சிலது செலோபேன் தாளில் சுற்றி றிபன் கட்டியிருந்தது. ஒன்றில் பிள்ளையின் பெயர் கொம்பியூட்டரில் அச்சடித்து ஒட்டியிருந்தது. நாங்கள் கைதட்டினோம். படம் எடுத்தோம். குழுவிலும் போட்டோம்.

பிறகு, "சரி, வெளியில் போய்க் கீறுவோம்" என்று சொன்னபோது ஒருவரும் அசையவில்லை. ஒரு பிள்ளை மட்டும் எழும்பிச் சொன்னாள்: "அம்மா பேசுவா ரீச்சர். முறிச்சுப் போட்டால் பேசுவன் எண்டு சொன்னவ."

இருபத்திமூன்று வெண்கட்டிகளும் அலுமாரியின் மேல்தட்டில் ஒரு தவணை முழுக்க இருந்தன. மாரியில் ஈரம் இழுத்துப் பூஞ்சணம் பிடித்ததும் எறிந்துவிட்டோம். அந்த வெண்கட்டிகளால் ஒரு கோடுகூட யாரும் கீறவில்லை.

யார் செய்தார்கள் என்று கேட்கத் தேவையில்லை. அம்மாமார் செய்தார்கள், சில வீடுகளில் அக்காமார். அவர்களில் பிழை இல்லை. மதிப்பெண் வரும் என்று நினைத்தார்கள், பிள்ளை வகுப்பில் வெட்கப்படக்கூடாது என்று நினைத்தார்கள். பிழை எங்களில். வீட்டுக்கு அனுப்பும் கைவேலை, அம்மாவுக்கு அனுப்பும் கைவேலைதான் என்று எங்களுக்குத் தெரியும். தெரிந்துகொண்டுதான் அனுப்பினோம்.

இந்த வருடம் மாசியில், இல்ல விளையாட்டுப் போட்டி முடிந்த கிழமை, திரும்பச் செய்தோம். இந்த முறை வீட்டுக்கு ஒன்றும் அனுப்பவில்லை. வகுப்பிலேயே செய்தோம். அந்த அனுபவத்தில் இருந்துதான் இந்தப் பதிவு.

நாங்கள் சொல்ல வருவது இதுதான். பிள்ளைகளோடு வெண்கட்டி செய்யுங்கள். ஆனால் அதைப் பிள்ளையே செய்யட்டும், பிள்ளையே முறிக்கட்டும், பிள்ளையே நிலத்தில் தேய்த்து முடிக்கட்டும். போட்டி வேண்டாம், கண்காட்சி வேண்டாம், புள்ளி வேண்டாம். புள்ளி போடாத ஓர் எழுத்து எங்கள் பிள்ளைகளுக்குத் தேவைப்படுகிறது.

இணையத்தில் இதற்கு "நடைபாதை வெண்கட்டி" என்று பெயர் வைத்திருக்கிறார்கள். வட்டுக்கோட்டையில் நடைபாதைக்கு எங்கே போவது? எங்களுக்கு ஒழுங்கை இருக்கிறது. பள்ளிக்கூட முற்றத்தில் கொங்கிறீட் போட்ட ஒரு துண்டு நிலம் இருக்கிறது. மண்டபத்துக்கு வெளியே சீமெந்து விறாந்தை இருக்கிறது. அது போதும். இந்த வெண்கட்டிக்குச் சொரசொரப்பான நிலம்தான் சரி. கரும்பலகையில் எழுதப் பார்க்காதீர்கள். இது கடை வெண்கட்டியை விட இறுக்கம், பலகையைச் சுரண்டிவிடும்.

செய்முறையைச் சொல்கிறோம். இரண்டு விதமாகச் செய்தோம்.

முதலாவது முட்டைக்கோது. சந்தியில் றோல்ஸ் போடும் கடைக்காரரிடம் சொல்லி வைத்தால் ஒரு நாள் கோது ஒரு வாளிக்கு வரும். கோதைத் தண்ணீரில் பத்து நிமிடம் நன்றாகக் கொதிக்க வையுங்கள். பச்சைக் கோதில் கிருமி இருக்கும், அதனால் இதைத் தவற விடக்கூடாது, இது பெரியவர்கள் செய்ய வேண்டிய வேலை. பிறகு உள்பக்கத்துச் சவ்வை உரித்து, வெயிலில் காய வைத்து, உரலில் இடித்து, அரித்தெடுக்க வேண்டும். சவ்வு உரிப்பதும் இடிப்பதும் அரிப்பதும் பிள்ளைகளின் வேலை. ஒரு மேசைக்கரண்டி கோதுத்தூளுக்கு ஒரு தேக்கரண்டி கோதுமை மா, ஒரு தேக்கரண்டி சுடுதண்ணீர். குழைத்து உருட்டி, தாளில் சுற்றி மூன்று நாள் காய விடுங்கள். ஒரு கட்டிக்கு ஐந்தாறு கோது போகும். மாவைக் கூடப் போட்டால் எழுதாது, வழுக்கும். குறையப் போட்டால் உதிரும். பிள்ளைகள் இரண்டையும் செய்து பார்த்துத்தான் கண்டுபிடித்தார்கள். நாங்கள் முன்கூட்டிச் சொல்லவில்லை.

இரண்டாவது பிளாஸ்ரர் ஒவ் பாரிஸ். ஹாட்வெயார் கடையில் கிலோக் கணக்கில் வாங்கலாம். இரண்டு பேணி தூளுக்கு ஒரு பேணி தண்ணீர். தண்ணீரில் முதலே நிறத்தைக் கலந்துவிட்டு, அதன் மேல் தூளைத் தூவிக் குழைத்தால் கட்டி பிடிக்காது. அச்சில் ஊற்றி அரை மணித்தியாலத்தில் இறுகிவிடும். இறுகியது என்று உடனே எடுத்துக் கீற முடியாது, உள்ளே ஈரம் இருக்கும். இரண்டு மூன்று நாள் வெயிலில் காய்ந்த பிறகுதான் எழுதும். ஒரு கிலோவில் எங்களுக்கு நாற்பதுக்குக் கொஞ்சம் கூடக் குறைய வந்தது.

அச்சுக்கு இணையத்தில் கழிவறைத் தாள் சுற்றிவரும் மட்டைக் குழாய் என்று போட்டிருக்கிறார்கள். எங்கள் பிள்ளைகளின் வீடுகளில் வாளியும் தண்ணீரும்தான், அந்தக் குழாய்க்கு எங்கே போவது? பழைய கலண்டர்த் தாளைச் சுருட்டி, உள்ளே கொஞ்சம் தேங்காய் எண்ணெய் பூசி, அடியைக் களிமண்ணால் அடைப்போம் என்று நாங்கள் திட்டம் போட்டிருந்தோம். தரம் இரண்டில் ஒரு பெடியன் கேட்டான்: "பப்பாசிக் குழல் இருக்குத்தானே ரீச்சர்?"

இருக்கத்தான் செய்கிறது. பப்பாசி இலைக் காம்பு உள்ளே வெறுமையான குழல். பீப்பீ ஊதுவதற்குப் பிள்ளைகள் வெட்டுவது. பால் வடிய விட்டுக் கழுவி, சாண் அளவில் வெட்டி, ஒரு பக்கம் களிமண் வைத்து ஊற்றினோம். காம்பு காயக் காய வெடித்துத் தானாகக் கழன்றது. வந்த வெண்கட்டி ஒரு பக்கம் தடிப்பு, மறுபக்கம் மெல்லிசு, நடுவில் ஒரு வளைவு. ஒன்று போல் இன்னொன்று இல்லை. ஒவ்வொரு பிள்ளைக்கும் தன்னுடையது எது என்று பெயர் எழுதாமலே தெரிந்தது.

நிறத்துக்குக் கடை வர்ணம் வாங்கவில்லை. மஞ்சள் தூள், உடுப்புக்குப் போடும் நீலம், அடுப்புக்கரி. சுன்னாகத்தில் மாமா வீடு உள்ள பிள்ளை ஒரு சொப்பிங் பையில் செம்மண் கொண்டு வந்தாள். செம்மண் வெண்கட்டிதான் எல்லாவற்றிலும் நன்றாக எழுதியது. அந்தச் சிவப்பு மண்ணில் உள்ள இரும்பால் வருவது என்று சொன்னபோது, "அப்ப எங்கட கேற்றில இருக்கிற கறளும் இதோ?" என்று கேட்டார்கள். ஓம் என்றோம். இரண்டிலும் இரும்பும் ஒட்சிசனும் சேர்ந்திருக்கிறது.

இனி எச்சரிக்கை. இதைத் தயவுசெய்து தாண்டிப் போக வேண்டாம்.

பிளாஸ்ரர் ஒவ் பாரிஸ் தண்ணீரோடு சேர்ந்து இறுகும்போது சூடாகும். ஒரு சின்னக் குழலில் அந்தச் சூடு பெரிதாகத் தெரியாது. ஒரு வாளியில் கையை விட்டு வைத்திருந்தால் கதை வேறு. 2007இல் இங்கிலாந்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் சித்திர வகுப்பில் தன் கைகளை அச்செடுக்க அந்தக் குழம்புக்குள் விட்ட பதினாறு வயதுப் பிள்ளை, சூட்டால் வெந்து பெரும்பாலான விரல்களை இழந்தாள். அதனால் குழைப்பது பெரியவர்கள், தடியால் மட்டும். பிள்ளைகள் நிறம் கலப்பார்கள், ஊற்றுவார்கள். கை அச்சு, கால் அச்சு எடுக்கும் விளையாட்டு வேண்டவே வேண்டாம். தூளைக் கொட்டும்போது காற்றில்லாத பக்கமாக, மூக்கைக் கட்டிக்கொண்டு கொட்டுங்கள். மிஞ்சிய குழம்பைக் கழுவும் தொட்டியில் ஊற்றினால் குழாய்க்குள் இறுகிவிடும். பேணியிலேயே இறுக விட்டு எறியுங்கள்.

வெற்றிலைச் சுண்ணாம்பிலோ, வெள்ளையடிக்கும் சுண்ணாம்பிலோ செய்யலாமா என்று இரண்டு பெற்றார் கேட்டார்கள். கூடாது. அது காரம். கண்ணில் பட்டால் பார்வையே போகலாம். சுண்ணாம்பு டப்பியைப் பிள்ளைகளின் கைக்கு எட்டாமல் வையுங்கள் என்பதையும் இந்தச் சாட்டில் சொல்லிவிடுகிறோம்.

சரி, இதில் என்ன பாடம்?

ஒரு பிள்ளை கேட்டாள்: "முட்டைக்கோதும் வெண்கட்டியும் ஒண்டோ ரீச்சர்?" ஒன்றும்தான், இல்லையும்தான். இயற்கையாகக் கிடைக்கும் சுண்ணக்கட்டி கல்சியம் காபனேற்று. மிகச் சின்னக் கடல் உயிர்களின் ஓடுகள் அடியில் படிந்து படிந்து ஆனது. முட்டைக்கோதிலும் பெரும்பங்கு அதுதான். யாழ்ப்பாணக் குடாநாடு முழுக்க நிற்பது அந்தச் சுண்ணக்கல்லின் மேல்தான். காங்கேசன்துறையில் 1950 தொடக்கம் 1990 வரைக்கும் சீமெந்து ஆலை ஓடியதும் அந்தக் கல்லை வைத்துத்தான். எங்கள் கிணற்றுத் தண்ணீர் கல் வழியே வருவதால்தான் தேத்தண்ணிக் கேத்தலின் அடியில் வெள்ளையாகப் படிகிறது. அதுவும் அதே பொருள். ஆனால் பிளாஸ்ரரில் செய்த வெண்கட்டி வேறு. அது கல்சியம் சல்பேற்று. பாரிஸ் நகரத்தில் மொன்மாத்ர் குன்றில் தோண்டிய ஜிப்சத்தைச் சுட்டு எடுத்ததால் அந்தப் பெயர்.

இதை நாங்கள் பலகையில் எழுதிக் காட்டவில்லை. ஒரு போத்தல் வினாகிரி வாங்கினோம். முட்டைக்கோதில் ஒரு துளி விட்டால் பொங்கும். கேத்தல் படிவில் விட்டால் பொங்கும். வேலிக் கரையில் கிடந்த கல்லைச் சுரண்டி அந்தத் தூளில் விட்டாலும் பொங்கும். பப்பாசிக் குழல் வெண்கட்டியில் விட்டால் ஒன்றும் நடக்காது. கடையில் வாங்கிய வெண்கட்டியிலும் விட்டுப் பாருங்கள், அது எந்த வகை என்று தெரிந்துவிடும். அன்றைக்குப் பின்னேரம் வட்டுக்கோட்டையில் எத்தனை வீட்டில் கேத்தலுக்குள் வினாகிரி போனது என்று கணக்கில்லை. பேச்சு வாங்கியது நாங்கள்.

இனிப் பெரிய கேள்வி. குழுவில் குரல் பதிவாக வந்தது: "ரீச்சர், குறை நினைக்காதேங்கோ. உது புலமைப்பரிசிலுக்கு வருமோ?"

வரும் என்று சொல்லித் தப்பியிருக்கலாம். இரண்டுக்கு ஒன்று என்ற விகிதம் வருகிறது, அளவை வருகிறது, படிமுறையை ஒழுங்காகச் சொல்வது வருகிறது. ஆனால் அப்படிச் சொல்லிச் சொல்லித்தான் நாங்கள் எல்லாவற்றையும் அந்த ஒரு பரீட்சையின் வாலாக்கிவிட்டோம். அதனால் நேராகவே பதில் எழுதினோம். வராது. வராதபடியால்தான் செய்கிறோம்.

1990களின் கடைசியில் வந்த சீர்திருத்தத்தில் ஆரம்பக் கல்வியை மூன்று முதன்மை நிலைகளாகப் பிரித்தார்கள். தரம் ஒன்று, இரண்டில் விளையாட்டு முதன்மை. மூன்று, நான்கில் விளையாட்டும் செயற்பாடும் எழுத்துவேலையும் சம பங்கு. ஐந்தில்தான் எழுத்துவேலை முன்னுக்கு வரும். நாங்கள் இதைக் கலாசாலையில் மனப்பாடமாக எழுதிப் பாஸ் பண்ணினோம். பள்ளிக்கூடத்துக்கு வந்து பார்த்தால் தரம் இரண்டுப் பிள்ளையின் பையில் மாதிரி வினாத்தாள் கட்டு. பின்னேரம் ரியூசன். கொப்பியில் ஒவ்வொரு பக்கத்திலும் சிவப்புப் பேனை. அந்தச் சிவப்புப் பேனை எங்கள் கையிலும் இருக்கிறது.

எங்கள் வகுப்பில் ஒரு பிள்ளை இருக்கிறான். எந்தத் தரம், எந்த வீடு என்று சொல்லமாட்டோம். கதைப்பான், சிரிப்பான், கணக்கை வாயால் சொல்வான். கொப்பியில் எழுதச் சொன்னால் மாட்டான். ஒரு எழுத்து எழுதுவான், அழிறப்பரால் அழிப்பான், திரும்ப எழுதுவான், திரும்ப அழிப்பான். தாள் ஓட்டையாகும் வரைக்கும் அழிப்பான். ஓட்டையானதும் கொப்பியை மூடிவிடுவான். 2022இல் கொப்பி விலை ஏறிய காலத்தை நீங்கள் மறந்திருக்கமாட்டீர்கள். தாள் இல்லாமல் மேல் மாகாணத்தில் தவணைப் பரீட்சையையே தள்ளி வைத்த வருடம் அது. அந்தக் காலத்தில் சின்னவனாக இருந்த இவனுக்கு வீட்டில் சொல்லிக் கொடுத்த முதல் பாடம், கொப்பியைப் பழுதாக்காதே. வீட்டுக்காரரைக் குறை சொல்ல முடியுமா?

வெண்கட்டி காய்ந்த அன்று முற்றத்தில் கொங்கிறீட்டில் விட்டோம். என்ன எழுதுவது என்று சொல்லவில்லை. பெட்டையள் சிலர் எட்டுக்கோடு கீறினார்கள். பெடியள் கிளித்தட்டுக் கோடு போட்டார்கள், இல்ல விளையாட்டுப் போட்டியில் மைதானத்துக்குக் கோடு போட்டதைப் பார்த்த சூடு இன்னும் ஆறவில்லை. இவன் ஒரு மூலையில் குந்தியிருந்து "மழை" என்று எழுதினான். அவனுடைய ழ எப்போதும் எங்கேயோ போய் முடியும். எழுதினான், பார்த்தான், காலால் அழித்தான். திரும்ப எழுதினான். ஏழெட்டுத் தரம். நிலம் ஓட்டையாகவில்லை. ஒருவரும் பேசவில்லை. கடைசியாக எழுதியதைச் சுற்றி ஒரு வட்டம் போட்டுவிட்டுக் கிளித்தட்டுக்கு ஓடிவிட்டான்.

அதற்குப் பிறகு அவன் கொப்பியை நிரப்பிவிட்டான் என்று எழுத ஆசைதான். அப்படி நடக்கவில்லை. இன்னும் அழிறப்பர் கேட்கிறான். ஆனால் காலமை வந்ததும் அன்றைய சொல்லை முற்றத்தில் ஒரு தரம் எழுதிப் பார்த்துவிட்டு உள்ளே வருகிறான். இது எங்கள் இரண்டு பேருக்கும் போதும்.

அழிக்கக்கூடிய எழுத்தில்தான் எங்கள் எல்லாருடைய படிப்பும் தொடங்கியது. விஜயதசமிக்கு ஏடு தொடக்கும்போது பிள்ளையின் விரலைப் பிடித்து அரிசியில் அ எழுதுவிக்கிறார்கள். எங்கள் உம்மம்மா காலத்தில் ஓதப்பள்ளியில் மரப்பலகையில் எழுதி, ஓதி முடித்ததும் கழுவிவிட்டு அடுத்த பாடம் எழுதினார்கள். திண்ணைப் பள்ளியில் மணல். 1789இல் சென்னையில் அநாதைப் பிள்ளைகள் இல்லம் ஒன்றின் பொறுப்பை ஏற்ற அன்ரூ பெல் என்ற ஸ்கொட்லாந்துக்காரர், உள்ளூர்ப் பிள்ளைகள் மணலில் விரலால் எழுதிப் படிப்பதைப் பார்த்துத் தன் இல்லத்திலும் அதைக் கொண்டுவந்தார். பிள்ளைக்குப் பிள்ளை படிப்பிக்கும் முறையோடு சேர்த்து 1797இல் லண்டனில் புத்தகமாகவும் போட்டார். மதராஸ் முறை என்று அது இங்கிலாந்தில் பரவியது. அதற்குப் பிந்திய காலத்தில் எடின்பரோவில் ஜேம்ஸ் பில்லன்ஸ் என்ற ஆசிரியர் புவியியல் படிப்பிக்கப் பெரிய கரும்பலகையும் நிற வெண்கட்டியும் பாவித்தார். நல்ல காரியம்தான். ஆனால் அந்தப் பலகை சுவருக்குப் போனதோடு வெண்கட்டி ஆசிரியரின் கைக்குப் போய்விட்டது. 1823இல் செமினரி தொடங்கிய இந்த வட்டுக்கோட்டையிலும் இன்றைக்கு நிலைமை அதுதான். பிள்ளை பலகைக்கு வருவது நாங்கள் கூப்பிட்டால் மட்டும், முழு வகுப்பும் பார்த்துக்கொண்டிருக்க, பிழை விட்டால் சிரிக்க.

எங்களுக்கு வெண்கட்டியின் அருமை தெரியும். எங்களில் ஒருவர் 1990 ஒக்ரோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாணத்தில் இருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம் குடும்பத்தில் கைக்குழந்தை. புத்தளத்தில் ஓலைக் கொட்டிலில் படித்தவர். மற்றவர் 1995இல் அதே ஒக்ரோபர் 30ஆம் திகதி வலிகாமத்தில் இருந்து இரவோடு இரவாக நடந்த தரம் ஒன்றுப் பிள்ளை. கலாசாலையில் ஒருநாள் கதைத்துக்கொண்டிருந்தபோதுதான் திகதி ஒன்றே என்று கண்டுபிடித்தோம். கொஞ்ச நேரம் இரண்டு பேரும் ஒன்றும் கதைக்கவில்லை. பிறகு பள்ளிக்கூடக் கதை வந்தது. இரண்டு இடத்திலும் ரீச்சர்மார் வெண்கட்டியை மூன்றாக முறித்துத்தான் பாவித்தார்கள். விரலால் பிடிக்க முடியாத கடைசித் துண்டைப் பிள்ளைகளுக்குத் தருவார்கள். அந்தத் துண்டுக்கு வரிசை நின்றிருக்கிறோம். கிடைக்காத நாளில் ஓட்டுத்துண்டு, கரிக்கட்டை, காய்ந்த மரவள்ளிக் கிழங்கு. ஜாம் போத்தலில் விளக்குச் செய்த தலைமுறையின் பிள்ளைகள் நாங்கள். இல்லாததைச் செய்துகொள்வது எங்களுக்கு இல்லாமையால் வந்த பழக்கம். எங்கள் பிள்ளைகளுக்கு அது இல்லாமை இல்லாமலே வர வேண்டும் என்று ஆசைப்படுகிறோம்.

இன்னொரு எதிர்ப்பும் வந்தது. அதை நாங்கள் எதிர்பார்க்கவில்லை, ஆனால் அது நியாயமானது. பிள்ளையைக் கூட்டிப் போக வந்த ஓர் அம்மம்மா முற்றத்தைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "எழுத்தைக் காலாலை உழக்கிறதோ பிள்ளை? சரஸ்வதியெல்லோ." இதைக் கேட்ட அன்றே இரவு எங்களில் மற்றவரின் உம்மாவும் கிட்டத்தட்ட இதையே சொன்னார். அல்லாஹ்வின் பெயரை யாராவது பிள்ளை எழுதி, அதை யாரும் மிதித்துவிட்டால்? புத்தகம் காலில் பட்டால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ளும் வீடுகளில் வளர்ந்தவர்கள் நாங்கள். சிரித்துத் தள்ளிவிட முடியவில்லை.

பிள்ளைகளிடமே கேட்டோம். அரை மணித்தியாலம் வாதம். கடைசியில் அவர்கள் வைத்த சட்டம் மூன்று. ஒன்று, எந்தச் சாமியின் பெயரும், எந்த ஆளின் பெயரும் நிலத்தில் எழுதக்கூடாது. இரண்டு, அழிப்பது காலால் இல்லை, தண்ணீரும் தும்பும் கொண்டு. மூன்று, அடுத்தவன் கீறியதை அவனைக் கேட்காமல் அழிக்கக்கூடாது. மூன்றாவதை நாங்கள் சொல்லவே இல்லை. மற்ற நாள் வந்த அம்மம்மாவிடம் சட்டத்தைச் சொன்னோம். "அப்ப சரி. கோலமும் நாங்கள் நிலத்திலைதானே போடுறம்," என்றார். உம்மாவுக்கும் சம்மதம்.

மற்றவர்களின் சுவரிலும் வீதியிலும் எழுதப் பழக்குகிறீர்களா என்று ஒருவர் கேட்டார். தேர்தல் வந்தால் காப்பெற் வீதி முழுக்கச் சின்னமும் இலக்கமும் எழுதும் பெரியவர்கள் ஒரு மழையில் அழியும் வெண்கட்டியால் எழுதினால் எவ்வளவு நல்லது என்று நினைத்துக்கொண்டோம், சொல்லவில்லை. ஆனால் வாகனம் ஓடும் வீதியில் பிள்ளைகளை விட வேண்டாம். ஓட்டோவும் லாண்ட்மாஸ்ரரும் வராத முட்டு ஒழுங்கை, வீட்டு விறாந்தை, கிணற்றடிச் சீமெந்து, பள்ளிக்கூட முற்றம். இவ்வளவும் போதும்.

பெற்றாரிடம் எங்கள் வேண்டுகோள்: ஒரு ஞாயிற்றுக்கிழமை செய்து பாருங்கள். குழைக்கும் வேலையையும் கொதிக்க வைக்கும் வேலையையும் நீங்கள் எடுங்கள், மற்றதை விட்டுவிடுங்கள். அது கோணலாகத்தான் வரும். நேராக்க வேண்டாம். பிள்ளை "மழை"யைப் பிழையாக எழுதினால் அப்போதே திருத்த வேண்டாம், அவன் எப்படியும் அழிப்பான்.

சக ஆசிரியர்களிடம்: தயவுசெய்து இதை ஒப்படையாக்க வேண்டாம். கண்காட்சிக்கு மேசை போட வேண்டாம். நாங்கள் அப்படிச் செய்து இருபத்திமூன்று வெண்கட்டிகளைப் பூஞ்சணத்துக்குக் கொடுத்தவர்கள். கிழமையில் ஒரு பாடவேளை, சிவப்புப் பேனையை மேசை லாச்சிக்குள் வைத்துவிட்டு, பிள்ளைகளோடு நிலத்தில் குந்துங்கள். முழங்கால் நோகும். எங்களுக்கும் நோகிறது.

மாரி தொடங்கினால் பிளாஸ்ரரும் காயாது, கோதும் காயாது. அதற்கு முதல் இன்னும் ஒரு தரம் செய்யவிருக்கிறோம், இன்ஷா அல்லாஹ். வட்டுக்கோட்டை, சங்கானை, அராலிப் பக்கம் இருப்பவர்கள் முட்டைக்கோதை எறியாமல் கழுவிக் காய வைத்துத் தந்தால் உதவியாக இருக்கும். வீட்டில் பப்பாசி நிற்பவர்கள் முற்றிய இலைக் காம்பை எங்களுக்கு விட்டு வையுங்கள். உங்கள் வீட்டில் செய்தால் படம் அனுப்புங்கள். வெண்கட்டியின் படம் வேண்டாம். அதால் பிள்ளை நிலத்தில் கீறியதை அழிக்க முதல் எடுத்து அனுப்புங்கள்.